கணினி வளக் கண்காணிப்புப் பகிர்நூலகங்கள்

கணினியின் மையச் செயலகம், நினைவகம், வன்தட்டு, வலையமைப்பு ஆகியவை எந்த அளவுக்குப் பயன்பட்டு வருகின்றன என்பதை இயங்குதளத்திடம் கேட்டறிந்து, நாடிவரும் எந்த மென்பொருளுக்கும் ஒரே முறையில் எடுத்துத் தரும் கோப்புகள் கணினி வளக் கண்காணிப்புப் பகிர்நூலகங்கள் எனப்படும். பகிர்நூலகம் தானாக இயங்குவதில்லை. பிற மென்பொருள்கள் தேவைப்படும்போது அழைத்துக்கொள்ளும் நிரல்களின் தொகுதியாகிய அதனைப் பல மென்பொருள்கள் ஒரே வேளையில் பயன்படுத்தினாலும், நிரற்பகுதி நினைவகத்தில் ஒரு படியாகவே தங்கும். இக்கோப்புகள் விண்டோஸில் டிஎல்எல் என்ற பின்னொட்டையும், லினக்ஸில் எஸ்ஓ என்ற பின்னொட்டையும் பெறுகின்றன.

இவ்விரு மரபுகளும் ஒரே கணினியில் அருகருகே இருந்ததற்குத் தமிழ்நாட்டிலேயே சான்று உண்டு. இன்றைய செங்கல்பட்டு மாவட்டத்தைச் சேர்ந்த குரோம்பேட்டையில், எம்ஐடி வளாகத்தில் இயங்கும் அண்ணா பல்கலைக்கழகத்தின் ஏயு-கேபிசி ஆய்வு மையமும் சென்னை சி-டாக் நிறுவனமும் இணைந்து, கட்டற்ற மென்பொருளுக்கான தேசிய வள மையத்தை 2005இல் தொடங்கின. அம்முயற்சியின் பயனாக, டெபியனிலிருந்து கிளைத்த பாஸ் லினக்ஸ் 2007இல் வெளியாயிற்று. 2011இல் தமிழக அரசு மாணவர்க்கு வழங்கத் தொடங்கிய விலையில்லா மடிக்கணினிகளில் விண்டோஸ் 7 ஸ்டார்ட்டர் பதிப்புடன் பாஸ் லினக்ஸும் நிறுவப்பட்டிருந்தது. ஆகவே, திருக்கழுக்குன்றத்திலோ மாமல்லபுரத்திலோ அதைப் பெற்ற மாணவர் எந்த இயங்குதளத்தைத் திறந்தாலும் வளக் கண்காணிப்புத் திரை ஒன்றைக் காண முடிந்தது. ஆனால் அத்திரைக்குப் பின்னிருந்த நூலகங்கள் வேறு, அவை எண்களைப் பெற்ற வழியும் வேறு.

லினக்ஸில் கருநிரல், அதாவது வன்பொருளை நேரடியாக ஆளும் உள்மையப் பகுதி, தன் கணக்குகளைப் புரோக் என்னும் அடைவில் எழுத்துக் கோப்புகளின் வடிவில் காட்டுகிறது. உண்மையில் அவை வட்டில் கிடக்கும் கோப்புகள் அல்ல, படிக்கும் நொடியில் உருவாக்கப்படுபவை. டாப், ஃப்ரீ முதலிய கட்டளைகளுக்குப் புரோக்பிஎஸ் திட்டத்தின் நூலகமும், நோம் திரைச்சூழலின் கண்காணிப்பானுக்கு லிப்ஜிடாப் நூலகமும் அவற்றைப் படித்துத் தருகின்றன. லிப்ஜிடாப்பின் சிறப்பு, லினக்ஸ் அல்லாத யூனிக்ஸ் வகைகளிலும் அதே அழைப்புகளுக்கு விடை தருவதாகும். கருநிரலின் கணக்கைக் காண உயர் உரிமை வேண்டப்படும் இயங்குதளங்களில், அவ்வுரிமையை முழு மென்பொருளுக்கும் கொடுக்காமல், சிறிய துணைநிரல் ஒன்றுக்கு மட்டும் கொடுத்து வேலையை முடித்துக்கொள்ளும் இதன் ஏற்பாடு பாராட்டத்தக்கது.

விண்டோஸில் இப்பணி பிடிஎச்.டிஎல்எல் என்னும் பொது நூலகத்திடம் உள்ளது. அதற்கு அடியில் பெர்ஃப்ஓஎஸ், பெர்ஃப்டிஸ்க், பெர்ஃப்பிராக் என, துறைக்கு ஒன்றாக, அளவுகளைக் கணக்கிட்டுத் தரும் எண்ணி நூலகங்கள் உள்ளன. பழைய ஏற்பாட்டின்படி இந்த எண்ணி நூலகங்கள் கேட்கும் மென்பொருளுக்குள்ளேயே ஏற்றப்பட்டதால், பிற நிறுவனம் எழுதிய பிழையான ஒரு நூலகம் கேட்டவரையும் சேர்த்து வீழ்த்தக்கூடியதாக இருந்தது. விஸ்டா முதல் வந்த புதிய முறையில், எண்ணிகளைத் தரும் நிரல் கேட்கும் மென்பொருளுக்குள் ஏற்றப்படாமல் தனியே இயங்க வழி ஏற்பட்டது.

மையச் செயலகப் பயன்பாட்டைக் கணிப்பதில் இரண்டும் வேறுபடுகின்றன. லினக்ஸ் கருநிரல் வைத்திருப்பது விழுக்காடு அன்று. கணினி தொடங்கியது முதல் பயனர் வேலைக்கும் கருநிரல் வேலைக்கும் வெறுமனே காத்திருந்ததற்கும் சென்ற நேரத்தின் கூட்டுத்தொகையே. மின்வாரியக் கணக்கீட்டாளர் இரு முறை எடுத்த அளவுகளின் வேறுபாட்டைக் கொண்டே கட்டணம் வருவதுபோல, இங்கும் இரு அளவுகளின் கழித்தலே பயன்பாட்டைத் தருகிறது. அக்கழித்தலை லிப்ஜிடாப் மென்பொருளின் பொறுப்பில் விட்டுவிடுகிறது; பிடிஎச் தானே செய்து கொடுக்கிறது. முதல் அளவெடுப்பிலேயே விடையை எதிர்பார்க்கும் நிரலர் இரண்டிலும் ஏமாறுவர்.

நினைவகக் கணக்கில் குழப்பம் இன்னும் கூடுதல். வட்டிலிருந்து படித்தவற்றை மீண்டும் தேவைப்படலாம் என்று லினக்ஸ் நினைவகத்தில் தேக்கி வைப்பதால், வெற்றிடம் என்ற எண் எப்போதும் சிறிதாகவே தோன்றும். கேட்டவுடன் விடுவிக்கக்கூடிய அத்தேக்கத்தையும் கருதி, புதிய வேலைக்குக் கிடைக்கக்கூடிய நினைவகம் எவ்வளவு என்ற மதிப்பீட்டைக் கருநிரல் 2014இல் வந்த 3.14 பதிப்பிலிருந்துதான் தரத் தொடங்கியது. முதல் மடிக்கணினிகளுடன் வந்த பாஸ் பதிப்புக்கு அந்த எண் கிட்டாததால், பழுதில்லாத கணினியும் நினைவகம் தீர்ந்ததுபோலத் தோற்றமளிக்க இடமிருந்தது.

நூலகத்தின் பதிப்பு மாறினால் அதனை நம்பிய மென்பொருளும் மாற வேண்டியிருக்கும். புரோக்பிஎஸ் 2022இல் 4.0 பதிப்புடன் பழைய நூலகத்தை விடுத்து லிப்பிராக்2 என்பதற்கு மாறியபோது அழைப்பு முறையே மாறிவிட்டமையால், பழையதோடு பிணைக்கப்பட்ட மென்பொருள்களைத் திருத்தி எழுத நேர்ந்தது.

கல்பாக்கம் இந்திரா காந்தி அணு ஆராய்ச்சி மையத்தில் உள்ளவை போன்ற பல்கணுக் கணினித் தொகுதிகளிலும், சிறுசேரி சிப்காட் பூங்காவின் தரவு மையங்களிலும் ஒவ்வொரு கணினியின் திரையையும் பார்த்துவர இயலாது. இத்தகைய இடங்களுக்கென உருவான கட்டற்ற மென்பொருள்களுள் ஒன்றான கேங்லியா, கணுதோறும் ஒரு சிறு முகவர் நிரலை இயக்கி, செயலகம், நினைவகம், வட்டு, வலையமைப்பு ஒவ்வொன்றுக்கும் தனித்தனி எஸ்ஓ கோப்பை அதனுள் ஏற்றுகிறது. வேண்டாத அளவீட்டை அமைவுக் கோப்பில் நீக்கிவிட்டு முகவரை மறுதொடக்கம் செய்தால் போதும், முகவரைப் புதிதாகத் தொகுக்கத் தேவையில்லை.