ஏடேயும் உன்குவும் (சிறுவர் நாவல்)

'ஏடேயும் உன்குவும்' என்பது 1931 இல் பெர்லினின் மாலிக் பதிப்பகம் வெளியிட்ட ஜெர்மன் மொழிச் சிறுவர் நாவலாகும். ஆசிரியர் அலெக்ஸ் வெட்டிங். ஆண் பெயர்போல் ஒலித்தாலும் இது ஒரு பெண்ணின் புனைபெயர். 1905 இல் சால்ஸ்பர்க்கில் பிறந்த கிரேட்டே வைஸ்கோப், பெர்லினின் அலெக்சாண்டர் சதுக்கத்தையும் வெட்டிங் என்னும் தொழிலாளர் பகுதியையும் இணைத்து அதை அமைத்துக்கொண்டார்.

ஏடே வேலையிழந்த தொழிலாளி ஒருவரின் மகன். உன்கு, வண்டி வீடுகளில் வாழும் சிந்தி இனச் சிறுமி. 'ஜிப்சிகள்' திருடர்கள் என்று கேட்டு வளர்ந்த ஏடே, உன்குவோடு பழகும்போது அது பொய் என்று அறிகிறான். வேலைநிறுத்தம் காரணமாகப் போலீஸ் தேடும் ஒரு தொழிலாளியை உன்குவின் குடும்பத்தார் தங்களிடத்தில் ஒளித்துவைக்கின்றனர். கதையில் கட்சிக் கருத்துகள் சற்றுத் தூக்கலாகவே உள்ளன. ஆயினும் இரு பிள்ளைகளின் நட்பு உயிரோட்டம் குறையாமல் எழுதப்பட்டுள்ளது.

நாவல் வந்தபோது ஹிட்லர் ஆட்சிக்கு வந்திருக்கவில்லை. வதைமுகாம் எதுவும் கதையில் வருவதில்லை. இருப்பினும், நாஜிக் கொடுமைக்குப் பலியான ஒரு பிள்ளையின் நூலாகவே இது இன்று வாசிக்கப்படுகிறது. காரணம், உன்கு கற்பனைப் பாத்திரம் அல்லள். அவளது ஆவணப் பெயர் எர்னா லாவன்பர்கர். 1920 இல் பெர்லினில் பிறந்த அச்சிறுமியோடு வெட்டிங் நேரில் பழகியே நாவலை எழுதினார்.

சிந்தி, ரோமா மக்கள் மீதான கெடுபிடி நாஜிகளோடு தொடங்கியதன்று. பிரஷ்யாவில் 1927 இலேயே அவர்களின் கைரேகைகளைப் பதிவுசெய்ய ஆணையிடப்பட்டது. அந்தப் பழைய பதிவேடுகள் பின்னர் வந்தவர்களுக்கு எவ்வளவு உதவியிருக்கும் என்பதை மாணவர்கள் எண்ணிப் பார்க்கலாம். 1933 இல் இந்நூல் தீயிலிடப்பட்டது. யூதக் குடும்பத்தில் பிறந்தவரும் இடதுசாரியுமான வெட்டிங் கணவருடன் பிராகாவுக்குத் தப்பினார். உன்குவுக்குத் தப்ப வழியில்லை. 1936 முதல் ராபர்ட் ரிட்டர் தலைமையிலான இன ஆய்வு நிலையம் சிந்தி, ரோமா மக்களை அளந்து, வம்சாவளி எழுதி, வகைப்படுத்தியது. ஒரு நூல் தோழியாக அறிமுகப்படுத்திய சிறுமி இன்னோர் ஏட்டில் வெறும் 'இனக் கலப்பு' ஆனாள். 1942 டிசம்பர் 16 இல் ஹிம்லர் ஆணை பிறப்பித்தார். 1943 மார்ச்சில், இரு பெண் குழந்தைகளுக்குத் தாயாகியிருந்த உன்கு, மாக்டபர்க் முகாமிலிருந்து அவுஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார். அங்கிருந்து அவர் திரும்பவில்லை. அவுஷ்விட்ஸுக்குக் கொண்டுசெல்லப்பட்ட சிந்தி, ரோமா மக்கள் சுமார் 23,000 பேர். எஞ்சியிருந்தோரின் முகாம் 1944 ஆகஸ்ட் 2 இரவு நச்சுவாயுவால் அழிக்கப்பட்டது.

போருக்குப் பின் கிழக்கு ஜெர்மனிப் பள்ளிகளில் இந்நாவல் பாடமாயிற்று. 1931 இல் எழுதி முடித்த கதையாதலால், நாயகிக்குப் பின்னர் நேர்ந்ததை அதன் பக்கங்களில் காண முடியாது. அதைத் தேடித் தொகுத்தவர் எழுத்தாளர் ரைமார் கில்சன்பாக். 1930களில் டெசாவ் வட்டாரத்தில் ஹான்ஸ் வெல்ட்செல் எடுத்த நிழற்படங்களில் இளம்பெண்ணான உன்குவைக் காணலாம்.

மேற்கு ஜெர்மனியிலோ, 1943க்கு முந்தைய துன்புறுத்தல் இனக்கொடுமை அன்று என 1956 இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது. அது இனப்படுகொலையே என அரசு ஒப்புக்கொள்ள 1982 ஆயிற்று. நாவல் 1980 இல் கிழக்கு ஜெர்மனியில் திரைப்படமானது. 2011 இல் பெர்லினின் ஃபிரீட்ரிஷ்ஹைன் பகுதியில் ஒரு தெருவுக்கு ஏடே, உன்கு இருவரின் பெயரும் சூட்டப்பட்டது.