நொறுங்கிய விளையாட்டுகளும் பழியின் வரலாறும்

கணினியில் விளையாடிக் கொண்டிருக்கையில் திரை உறைந்துபோனால் ‘ஹேங் ஆகிவிட்டது’ என்பர் நம் மாணவர். விளையாட்டே மூடிக்கொண்டால் அது ‘கிராஷ்’. முடக்கம், நொறுங்கல் என்று நாம் தமிழாக்கிப் பார்த்ததுண்டு. வகுப்பறையில் ஒருவரும் ஏற்கவில்லை. சொல் எதுவாயினும் அடுத்து எழும் வினா ஒன்றே: பழுது யாருடையது? இயந்திரம் தானே ஒரு விடையைத் திரையில் எழுதிக் காட்டுகிறது. அவ்விடை பல வேளைகளில் குற்றமற்றவரைச் சுட்டுகிறது. சிலம்பை உடைத்துப் பார்க்குமுன் தீர்ப்பு வழங்கப்பட்ட கதையை அறிந்தவர்க்கு இது புதிதாய்த் தோன்றாது.

1981இல் வெளிவந்த ஐபிஎம் தனிநபர் கணினியின் அமைப்பு, நிரல்களுக்கென 640 கிலோபைட் நினைவகத்தையே ஒதுக்கியிருந்தது. பின்வந்த கணினிகளில் பல மெகாபைட் இருந்தும், டாஸ் விளையாட்டுகள் பல அந்தப் பழைய 640க்குள்ளேயே இடம் தேடின. மவுஸுக்கும் ஒலி அட்டைக்கும் குறுந்தட்டுக்கும் உரிய இயக்கிகள் அதே இடத்தில் குடியேறியிருந்தன. எனவே ஆடுவோர் கான்ஃபிக்.சிஸ், ஆட்டோஎக்செக்.பேட் ஆகிய கோப்புகளைத் திருத்தி, விளையாட்டுக்கொரு நெகிழ்வட்டு தயாரித்து, அதிலிருந்து கணினியைத் தொடங்கினர். 1992இல் வந்த அல்டிமா 7 தனக்கென ஒரு நினைவக மேலாளரைக் கொண்டிருந்தது; டாஸின் இஎம்எம்386 உடனிருந்தால் ஓட மறுத்தது. ஆடுபவரே மெக்கானிக்காகவும் இருந்த காலம் அது.

இந்நிலை ஒரு கிறிஸ்துமஸ் காலையில் அவமானமாக முடிந்தது. 1994ஆம் ஆண்டின் இறுதியில், ‘லயன் கிங்’ திரைப்படத்தின் பெருவெற்றியைத் தொடர்ந்து, டிஸ்னி அதன் கதையைச் சிறுவர்க்கான குறுந்தட்டாக வெளியிட்டது. விண்டோஸ் 3.1இல் அசையும் படங்களை விரைவாகக் காட்டுவது கடினமாயிருந்ததால், அக்குறுந்தட்டு மைக்ரோசாஃப்ட் அவ்வாண்டுதான் வெளியிட்டிருந்த ‘விங்ஜி’ என்னும் நிரல்தொகுப்பை நம்பியிருந்தது. முதன்முறை ஓடும்போது, அக்கணினியின் திரையில் எவ்வழியில் வரைந்தால் வேகம் கிட்டும் என விங்ஜி சோதித்துப் பார்க்கும். காம்பாக் நிறுவனத்தின் பிரிசாரியோ கணினிகள் அக்காலத்தில் அமெரிக்க இல்லங்களில் பரவி வந்தன. அவற்றுட் சிலவற்றின் வரைகலை இயக்கிகள் விங்ஜியோடு சேர்த்துச் சோதிக்கப்பட்டிருக்கவில்லை. பரிசைப் பிரித்த குழந்தைகள் சிங்கக்குட்டியைக் காணவில்லை. கணினி நொறுங்குவதைத்தான் கண்டனர்.

டிஸ்னியின் உதவித் தொலைபேசிகள் ஓயாது ஒலித்தன. பெற்றோர் வேறு யாரை அழைப்பர்? உறையின்மேல் இருந்தது டிஸ்னியின் பெயர். அழைப்பை ஏற்ற ஊழியரோ இயக்கியை எழுதியவர் அல்லர். அதை எழுதியவர் அவ்வுறையைக் கண்டிருக்கவும் மாட்டார். விளையாட்டும் இயக்கியும் விங்ஜியும் கணினியும் வெவ்வேறு இடங்களில் உருவாகி, முதன்முதலாகச் சந்தித்துக்கொண்டது ஒரு குழந்தையின் வீட்டில். சோதனைக்கூடமாக வீடே அமைந்துவிட்டது என்பதுதான் இந்நிகழ்ச்சியின் கொடுமை.

மைக்ரோசாஃப்ட்டில் அலெக்ஸ் செயின்ட் ஜான், கிரெய்க் ஐஸ்லர், எரிக் எங்ஸ்ட்ராம் ஆகிய மூவர் ‘டைரக்ட்எக்ஸ்’ தொகுப்பை முன்னெடுத்தமைக்கு இத்தோல்வியும் ஒரு தூண்டுதல். விளையாட்டுக்கும் வன்பொருளுக்கும் இடையே ஒரு பொது உடன்படிக்கையாக அது 1995 செப்டம்பரில் வெளிவந்தது.

அதே காலத்தில் இதற்கு நேரெதிரான ஒரு செய்தியும் உண்டு. விண்டோஸுக்கான பழைய ‘சிம்சிட்டி’ விளையாட்டில் ஒரு பிழை இருந்தது. திருப்பிக் கொடுத்துவிட்ட நினைவகத்தை அது மீண்டும் படித்தது. காலிசெய்த வீட்டுக்குள் பழைய சாவியோடு நுழைவதைப் போல. விண்டோஸ் 3.1இல் அவ்வீட்டுக்கு வேறெவரும் குடிவராததால் பிழை வெளித்தெரியவில்லை. விண்டோஸ் 95இன் சோதனைப் பதிப்பில் விளையாட்டு செயலிழந்தது. மைக்ரோசாஃப்ட் பொறியாளர்கள் காரணத்தைக் கண்டறிந்து, சிம்சிட்டி ஓடினால் மட்டும் நினைவகத்தை உடனே காலிசெய்யாதிருக்கும் தனி ஏற்பாட்டை இயங்குதளத்திலேயே சேர்த்தனர். ஜோயல் ஸ்போல்ஸ்கி 2004இல் எழுதிய கட்டுரை இதனைப் பலரறியச் செய்தது. குற்றம் விளையாட்டினுடையது; பழி வரவிருந்ததோ புதிய விண்டோஸின்மேல். ஆதலால் நிரபராதியே தண்டத்தை முன்கூட்டிச் செலுத்தியது எனலாம். இதனைப் பெருந்தன்மை என்று மட்டும் கொள்ள நமக்கு மனமில்லை. வணிகமும் அதில் உண்டு.

1990களின் பிற்பகுதியில் நேர்ந்த மற்றொன்று விந்தையானது. டர்போ பாஸ்கல் மொழியில் எழுதப்பட்ட பல நிரல்கள், கணினியின் வேகத்தை அளக்கத் தொடக்கத்திலேயே ஒரு வெற்றுச் சுழற்சியை 55 மில்லிநொடி ஓடவிட்டு, அவ்வெண்ணிக்கையை 55ஆல் வகுத்தன. புதிய பென்டியம் செயலிகளில் எண்ணிக்கை மிகப் பெருகி, ஈவு 16 பிட்டுக்குள் அடங்காமற் போயிற்று. ‘பிழை 200: சுழியால் வகுத்தல்’ என்று அறிவித்து நிரல் மடிந்தது. சுழியால் எவரும் வகுக்கவில்லை! ஈவு நிரம்பி வழிந்தாலும் செயலி எழுப்பும் அறிகுறி ஒன்றே என்பதால் வந்த பொய்ச்சாட்சி அது. விரைவே நோயாக, சிறு திருத்த நிரல்கள் மருந்தாகப் பரவின.

இவையெல்லாம் பழங்கதை என எண்ணியிருந்தோம். 2023, 2024ஆம் ஆண்டுகளில் இன்டெலின் 13, 14ஆம் தலைமுறை உயர்நிலைச் செயலிகள் கொண்ட கணினிகளில், அன்ரியல் எஞ்சினில் அமைந்த விளையாட்டுகள் தொடர்ந்து நொறுங்கின. திரை உரைத்த காரணம்: ‘வரைகலை நினைவகம் போதவில்லை.’ நினைவகம் போதிய அளவு இருந்தது. சுருக்கிய தரவை விரிக்கும் வேளையில் செயலியே தவறிழைத்தது. செயலியின் வேக எண்ணைச் சற்றுக் குறைத்தால் விளையாட்டு ஓடியது என்பதே முதல் தடயம். பழைய கணினிகளில் வேகத்தைக் குறைக்கவென்றே இருந்த ‘டர்போ’ பொத்தானை நினைத்துக்கொண்டோம். 2024 ஏப்ரலில் என்விடியா, இச்செயலி உடையோர் இன்டெலை அணுகுமாறு அறிவுறுத்தியது. மிகை மின்னழுத்தம் காரணம் என ஜூலையில் இன்டெல் ஒப்புக்கொண்டு, ஆகஸ்டில் செயலியின் நுண்நிரலுக்குத் திருத்தம் தந்தது. உத்தரவாதத்தையும் 2 ஆண்டுகள் நீட்டித்தது. அத்திருத்தம் புதிய சிதைவைத் தடுக்குமேயன்றி, ஏற்கெனவே சிதைந்த செயலியை மீட்காது. அதை மாற்றித்தான் ஆகவேண்டும். அதற்குள் எத்தனை பேர் குற்றமற்ற வரைகலை அட்டையைக் கழற்றி மாட்டியிருப்பர், விண்டோஸை அழித்து மீண்டும் நிறுவியிருப்பர்!