சோதனைக் காலம் முடிந்த மென்பொருள்: பூட்டை உடைக்கலாமா?

மெர்லிமாவ், ஜாசின், அலோர் காஜா வட்டாரங்களில் கோயில் திருவிழா அறிக்கை, திருமண அழைப்பிதழ், பள்ளித் தேர்வுத்தாள் எல்லாமே இன்று கணினியில்தான் தயாராகின்றன. இதற்கான மென்பொருள்கள் பலவற்றை 7 நாள், 30 நாள் என இலவசமாகச் சோதித்துப் பார்க்கலாம். கெடு முடிந்ததும் பணம் கட்டாமல், 'கிரேக்' எனப்படும் பூட்டுடைக்கும் நிரலைப் பதிவிறக்கம் செய்வோரும் உண்டு.

சட்டம்
1987-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-இல் சேர்க்கப்பட்ட 36ஏ பிரிவு, படைப்பைக் காக்கும் தொழில்நுட்பப் பூட்டை உடைப்பதற்குத் தடை விதிக்கிறது. கடையிலோ அலுவலகத்திலோ கள்ளப் பிரதி வைத்திருந்தால், பிரதி ஒன்றுக்கு 2,000 முதல் 20,000 ரிங்கிட் வரை அபராதமும் 5 ஆண்டு வரை சிறையும் விதிக்கப்படலாம்.

ஆபத்து
கிரேக் நிரல்கள் பலவும், வைரஸ் தடுப்பை முதலில் நிறுத்தச் சொல்கின்றன. திருடனுக்குக் கதவைத் திறந்துவிடுவது போன்றது இது. 2018 முதல் பரவிய 'ஸ்டாப்' எனும் நச்சு நிரல் பெரும்பாலும் இவ்வழியில்தான் நுழைந்தது. கோப்புகளைப் பூட்டிவிட்டு 980 அமெரிக்க டாலர் கேட்டது. 72 மணி நேரத்தில் கட்டினால் பாதி விலை என்றது. வாடிக்கையாளரின் திருமணப் படங்கள் அதில் சிக்கினால், படக் கடைக்காரர் என்ன பதில் சொல்வார்? வேறு சில நிரல்கள் சத்தமில்லாமல் வங்கிக் கடவுச்சொல்லைத் திருடும்.

நியாயம்
"பெரிய நிறுவனத்துக்கு என்ன நட்டம்?" என்பது வழக்கமான வாதம். மென்பொருள் எழுதுவோர் எல்லாரும் பெரிய நிறுவனத்தார் அல்லர். மலேசியத் தமிழரான முத்து நெடுமாறன் 1985-இல் தொடங்கிய முரசு அஞ்சல், கணினியில் தமிழ் எழுத வழி செய்தது. இத்தகைய உழைப்புக்குச் சந்தை சிறியது. வெட்டிய மரத்துக்குக் கூலி கேட்பது நியாயமென்றால், எழுதிய நிரலுக்குக் கேட்பதும் நியாயமே.

மாற்று வழி
கடிதம், கணக்குக்கு லிப்ரே ஆபிஸ், படங்களுக்கு கிம்ப், வடிவமைப்புக்கு இங்க்ஸ்கேப் ஆகியவை முற்றிலும் இலவசம். ஆசிரியர்களும் மாணவர்களும் கல்வி அமைச்சின் டெலிமா கணக்கு வழி பல செயலிகளைப் பெறலாம்.

ஏற்கெனவே கிரேக் நிறுவியிருந்தால், இணையத்தைத் துண்டித்து, வேறொரு கருவியில் கடவுச்சொற்களை மாற்றுங்கள். வங்கிப் பணம் பறிபோனால் உடனே வங்கியையோ 997 எண்ணையோ அழையுங்கள். முக்கியக் கோப்புகளுக்கு வெளி வட்டில் இன்னொரு பிரதி எப்போதும் இருக்கட்டும்.