காலம் கடந்த அப்பீலும் கோர்ட்டின் மன்னிப்பும்

சேலம் அஸ்தம்பட்டியில் இருக்கும் ஒருங்கிணைந்த நீதிமன்ற வளாகத்தில் சிவில் வழக்கில் தோற்றவர் முதலில் கேட்கும் கேள்வி, "அப்பீலுக்கு எத்தனை நாள் டைம்?" என்பதுதான். மாவட்ட அளவிலான கோர்ட்டுக்கு 30 நாள், உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள். தீர்ப்பு நகல் வாங்க ஆகும் நாட்கள் இதில் கழிந்துவிடும். கடைசி நாள் விடுமுறை என்றால் கோர்ட் திறக்கும் நாளில் போடலாம்.

சரி, அதையும் தவறவிட்டால்? வீடும் நிலமும் போய்விட வேண்டியதுதானா?

இங்கேதான் காலவரையறைச் சட்டத்தின் 5-வது பிரிவு வருகிறது. போதிய காரணம் இருந்தது என்று கோர்ட்டை நம்பவைத்தால், தாமதமான அப்பீலையும் ஏற்றுக்கொள்ளலாம். ஆனால் புது வழக்கு போடுவதில் ஏற்பட்ட தாமதத்துக்கு இந்தச் சலுகை கிடையாது.

இந்தியாவில் இதற்கான பொதுச் சட்டம் 1859-ல் வந்தது. அது வழக்குகளுக்கு மட்டும்தான். அப்பீல்களையும் சேர்த்தது 1871 சட்டம். பிறகு 1877, 1908 சட்டங்கள். இப்போது நடப்பில் உள்ளது 1963 சட்டம்.

'போதிய காரணம்' என்றால் என்ன என்று எந்தச் சட்டமும் விளக்கவில்லை. அதற்கு வழிகாட்டியது நம் சென்னை உயர் நீதிமன்றம்தான். 1890-ல் கிருஷ்ணா எதிர் சாத்தப்பன் என்ற வழக்கில், அலட்சியமோ கெட்ட எண்ணமோ இல்லாதவரிடம் இந்தச் சொற்களைத் தாராளமாகப் பொருள்கொள்ள வேண்டும் என்று சொன்னது. நியாயம் கிடைப்பதுதான் முக்கியம் என்பது அதன் சாரம். இன்றுவரை இந்தத் தீர்ப்பை மேற்கோள் காட்டுகிறார்கள்.

1961-ல் ரேவா கோல்ஃபீல்ட்ஸ் வழக்கு. தாமதம் ஒரே ஒரு நாள், காரணம் கடைசி நாளில் வந்த நோய். முதல் நாளிலிருந்தே ஏன் சும்மா இருந்தாய் என்று கேட்கக் கூடாது, கெடு முடிந்தபின் ஆன தாமதத்துக்குத்தான் காரணம் வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். 1987-ல் அனந்தநாக் நில ஆர்ஜித வழக்கில் 4 நாள் தாமதத்தை மன்னித்தது. ஒவ்வொரு நாளுக்கும் கணக்குக் கேட்பதைப் பிடிவாதமாகச் செய்யக் கூடாது என்றும் சொன்னது.

தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கு இன்னும் சுவாரஸ்யமானது. சொத்துரிமை வழக்கில் 1991-ல் ஒருவருக்கு எதிராக எக்ஸ்பார்ட்டி தீர்ப்பு ஆனது. அதை ரத்து செய்யப் போட்ட மனுவும் 1993-ல் தள்ளுபடி. வக்கீல் அதைச் சொல்லவே இல்லையாம். அவர் திரும்ப கோர்ட்டுக்கு வந்தபோது தாமதம் 883 நாள்! நுகர்வோர் மன்றமோ அந்த வக்கீல் 50,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று உத்தரவிட்டிருந்தது. கீழ்க் கோர்ட் தாமதத்தை மன்னித்தது, உயர் நீதிமன்றம் மறுத்தது. 1998-ல் உச்ச நீதிமன்றம் கீழ்க் கோர்ட் செய்ததே சரி என்றது. எத்தனை நாள் என்பதைவிட, சொல்லும் காரணம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்று விளக்கியது.

அதே தீர்ப்பில் இன்னொன்றும் உண்டு. எதிர்த்தரப்பை மறந்துவிடக் கூடாது, அவருக்கும் வழக்குச் செலவு ஆகியிருக்கும், அதை ஈடுகட்ட வேண்டும் என்றது. நியாயமான பேச்சு. ஜெயித்தவர் கெடு முடிந்ததும் நிம்மதியாகப் படுத்திருப்பார். மறுபடி நோட்டீஸ் வந்தால் அவர் பாடும் திண்டாட்டம்தானே?

2012-ல் காற்று மாறியது. அஞ்சல் துறை 427 நாள் தாமதமாக வந்து, ஃபைல் மேசை மேசையாகப் போனதைக் காரணம் காட்டியது. அரசுக்கென்று தனிச் சட்டம் இல்லை என்று உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது.

கொரோனா காலத்தில் தனித்தனி மன்னிப்பே தேவைப்படவில்லை. 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையான நாட்களைக் கணக்கில் சேர்க்க வேண்டாம் என்று உச்ச நீதிமன்றமே நாடு முழுக்கக் கழித்துவிட்டது.

ஆக, கோர்ட் மன்னிப்பது தாமதத்தைத்தான், அலட்சியத்தை அல்ல. தாமதமாகிவிட்டால் அப்பீலோடு காரணத்தைச் சொல்லும் மனுவும் பிரமாணப் பத்திரமும் சேர்த்துத் தர வேண்டும். ஆஸ்பத்திரிச் சீட்டு, தபால் ரசீது எதையும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். நிலத்தைக் காப்பாற்றுவது சில நேரம் அந்தத் துண்டுக் காகிதம்தான்.