சூளைப் புகையும் வீடற்றவர் வழக்கும்

லாயாங் லாயாங் வட்டாரத்துத் தோட்டமொன்றில் கணக்கெழுதிப் பிழைப்பவர் நாம். சில திங்கட்கு முன் லயத்தில் வாழும் மூதாட்டியொருவர் ஆபீசுக்கு வந்தார். அயலிலுள்ள செங்கற்சூளையின் புகையால் பேரப்பிள்ளை இரவெல்லாம் இருமுகிறதென்றும், "கிராணி ஐயா, இதைக் கோர்ட்டிலே சொல்ல முடியாதுங்களா?" என்றும் வினவினார். அன்று நாம் விடையறியாது விழித்தோம். பின்னர் ஆராய்ந்து அறிந்ததை நேயர்கள் முன் வைக்கின்றோம்.

செங்கல் நாகரிகத்தின் சின்னமென்பர். 1881-ம் ஆண்டுத் தொடக்கத்தில் கோலாலம்பூரைத் தீ விழுங்கிற்று. மரமும் அத்தாப்புமாயிருந்த வீடுகள் சாம்பராயின. மறு ஆண்டில் சிலாங்கூர் ரெஸிடெண்டாக வந்த பிராங்க் ஸ்வெட்டன்ஹாம், செங்கல்லாலும் ஓட்டாலுமே கட்டிடங்கள் எழவேண்டுமென வற்புறுத்தினார். காப்பித்தான் யாப் ஆ லோய் செங்கற்சூளை அமைத்தார். சூளைகள் மலிந்திருந்த இடமே இன்று நம்மவர் கடையும் கோயிலுமாக விளங்கும் பிரிக்பீல்ட்ஸ். பெயரில் சூளை நிற்கிறது. புகையை உண்டவர் பெயர் எங்கும் நிற்கவில்லை.

நிற்க. புகையைப் பற்றிய வழக்குச் சட்டம் வளர்ந்ததும் செங்கற்சூளையருகேதான் என்பது வியப்புக்குரியது. 1851-ல் இங்கிலாந்தில் வால்டர் என்பார், அண்டையிலிருந்த ஸெல்ப் என்பார் செங்கல் சுடுவதால் தம் வீட்டில் வாழ இயலவில்லையென முறையிட்டார். நீதிபதி நைட் புரூஸ் அதனைத் தடுத்து உத்தரவிட்டார். செல்வரின் நாசூக்கான பழக்கத்தைக்கொண்டு தொல்லையை அளத்தலாகாது. எளிய மக்களின் சாதாரண வாழ்வுக்கு அது இடையூறா என்பதே அளவுகோல் என்பது அவர் கொள்கை. எத்துணைச் சிறந்த கொள்கை!

ஆயினும் ஏழாண்டுகளில் அது சரிந்தது. 1858-ல் ஹோல், பார்லோ என்பவர்களுக்கிடையே எழுந்த வழக்கும் செங்கற்சூளை வழக்கே. ஏற்ற இடத்தில் தக்க முறையில் நடக்கும் தொழிலாயின், அண்டை வீட்டார் பொறுத்தே தீரவேண்டுமென அதில் தீர்ப்பாயிற்று. 1862-ல் பாம்போர்டு, டர்ன்லி வழக்கில் மேல் நீதிமன்றம் இதனைத் தள்ளிற்று. அதுவும் செங்கல் சுட்ட வழக்குத்தான். பொதுநன்மைக்காக என்னும் சாக்கை நீதிபதி பிராம்வெல் ஏற்றாரில்லை. ஒரு தொழில் மெய்யாகவே பலருக்கு நன்மை தருமாயின், அந்த இலாபத்திலிருந்தே நட்டமுற்றவனுக்கு ஈடு செய்யலாமே. ஒருவன் மட்டும் இழக்க வேண்டுவதேன் என்றார். நூற்றறுபது ஆண்டுகளுக்குப் பின்னும் இவ்வினாவுக்கு முதலாளிமார் நேர் விடை தந்தாரில்லை.

சீமை வழக்கு நமக்கெதற்கு என்று கேட்கலாம். 1956-ம் ஆண்டுச் சிவில் சட்டப்படி, அவ்வாண்டு ஏப்ரல் 7-ந் தேதி இங்கிலாந்தில் வழங்கிய பொதுச் சட்டமே, இந்நாட்டுச் சூழலுக்குப் பொருந்துமளவில், மலாயா மாநிலங்களுக்கும் அடிப்படை. ஆகவே வால்டர் பெற்ற நீதி ஜொகூருக்கும் உரியது.

ஆனால், மூதாட்டிக்கு உரியதா? இங்கேதான் முள் இருக்கிறது. வால்டருக்கு வீடு இருந்தது. 1907-ல் மலோன் என்னும் பெண்மணி அயலாரின் இயந்திர அதிர்ச்சியால் காயமுற்று வழக்கிட்டார். அவர் வாழ்ந்ததோ மனேஜராயிருந்த கணவருக்கு வேலையின்பொருட்டு விடப்பட்ட வீடு. அவ்வீட்டில் அவருக்கு உரிமையில்லை. ஆதலால் இவ்வகை வழக்குத் தொடுக்கவும் உரிமையில்லை என்று நீதிமன்றம் கைவிரித்தது. 1997-ல் பிரபுக்கள் சபையும் இவ்விதியையே உறுதிப்படுத்திற்று. லயத்து வீடும் வேலையோடு வந்து வேலையோடு போவது. மூன்று தலைமுறை ஒரே அறையில் பிறந்து மடிந்தாலும் அந்த அறை அவர்களுடையதன்று. நிலமுடையவனின் மூக்குக்கு நீதியுண்டு. நிலமற்றவனின் நெஞ்சுக்கு இல்லை. இது தருமமாகுமா?

இக்குறையை ஓரளவு போக்கியது 1974-ம் ஆண்டுச் சுற்றுச்சூழல் தரச் சட்டம். அதன்கீழ் 1978-ல் தூய காற்று விதிகள் பிறந்தன. 2014-ல் அவற்றினிடத்தில் புது விதிகள் வந்தன. காற்றைக் கெடுப்பது அரசாங்கமே வழக்காடத்தக்க குற்றமாயிற்று. முறையிடுபவரிடம் வீட்டுப் பத்திரம் கேட்பாரில்லை. காற்றைக் கெடுத்தவனுக்குத் தொடக்கத்தில் பதினாயிரம் வெள்ளியாயிருந்த அபராத உச்சம் 1996-ல் இலட்சமாயிற்று; 2024-ம் ஆண்டுத் திருத்தம் சில குற்றங்களுக்கு ஒரு கோடி வெள்ளி வரை விதிக்க இடந்தருகிறது.

தாயகத்தையும் நோக்குவோம். தாஜ்மகாலின் சலவைக்கல் பழுதுறாமலிருக்க, அதைச் சுற்றி 20 கிலோமீட்டருக்குள் இருந்த சூளைகளை மூடுமாறு இந்திய உச்ச நீதிமன்றம் 1996-ல் ஆணையிட்டது. நன்றே. கோவையை அடுத்த தடாகம் பள்ளத்தாக்கில் செம்மண்ணைத் தோண்டி இயங்கிய நூற்றுக்கு மேற்பட்ட சூளைகள் 2021-ல் மூடப்பட்டன. அதற்கு அவ்வூரார் நெடுங்காலம் போராட வேண்டியிருந்தது. குடியிருப்புகளுக்கு 800 மீட்டருக்குள் புதிய சூளை கூடாதென இந்திய அரசு 2022-ல் விதி செய்தது. கல்லுக்கு 20 கிலோமீட்டர். மனிதனுக்கு 800 மீட்டர்! இக்கணக்கை நேயர்களே கூட்டிக் கழித்துப் பார்க்கட்டும்.

சூளையை அடியோடு வெறுப்பவரல்லர் நாம். அதில் வேகும் செங்கல்லைச் சுமப்பவரும் நம்போன்ற ஏழைகளே. முதற் புகையை உண்பவரும் அவரே. தொழில் வாழட்டும், புகைக்குரிய செலவை இலாபம் பெறுவோர் ஏற்கட்டும் என்பதே நம் கட்சி.

சட்டம் பேழையிலுள்ள மருந்து போன்றது. எடுத்துக் கொடுப்பாரில்லையேல் நோய் தீராது. அம்மூதாட்டிக்கு மலாய் மொழியில் மனு எழுதிக் கொடுத்தோம். நாளும் மணியும், எந்தத் திக்கினின்று புகை வந்ததென்பதும் அவர் வாய்மொழியாகவே குறித்தோம். கைந்நாட்டிட்டுச் சுற்றுச்சூழல் இலாகாவுக்கு அனுப்பியுள்ளார். விடையை எதிர்நோக்கியிருக்கின்றோம். தோட்டந்தோறும் எழுத்தறிந்த கிராணிமார் உளர். துரைமாருக்குக் கணக்கெழுதும் பேனா, லயத்தாருக்கு ஒரு மனு எழுதினால் தேய்ந்துவிடுமா?