ஊறவைத்துச் சுட்ட டோஃபு

ஊறவைத்துச் சுட்ட டோஃபு என்பது கெட்டி டோஃபுவின் நீரை வடித்து, துண்டு போட்டு, சோயா சாஸ் கலந்த சாற்றில் ஊறவிட்டு, ஓவனில் ஈரம் வற்றச் சுட்டெடுக்கும் உணவு. வெளிப்புறம் பழுப்பேறி, உள்ளே பல்லுக்குச் சற்று எதிர்ப்புக் கொடுக்கும் பதத்தில் இருக்கும். சாற்றின் சுவை சீனமும் ஜப்பானும் தந்தது. ஓவனில் சுடும் வழக்கம் அமெரிக்கச் சைவச் சமையலறைகளில் பரவியது. வில்லியம் ஷர்ட்லெஃப், அகிகோ ஆவோயாகி இருவரும் எழுதிய 'தி புக் ஆஃப் டோஃபு' 1975இல் வெளிவந்த பிறகு அங்கே டோஃபு வீட்டுப் பண்டமாகத் தொடங்கியது.

டோஃபுவைக் கண்டுபிடித்தவர் கி.மு. 122இல் இறந்த ஹான் வம்ச இளவரசர் லியு ஆன் என்று சீன மரபு சொல்லும். அது கதைதான், எழுத்தில் டோஃபு தலைகாட்டுவது கி.பி. 10ஆம் நூற்றாண்டில். ஜப்பானில் 1782இலேயே டோஃபுவுக்கென்று 100 செய்முறைகள் கொண்ட 'டோஃபு ஹ்யாகுச்சின்' என்ற நூல் வந்துவிட்டது. ஆனால் சுட்ட டோஃபுவின் நெருங்கிய உறவு சீனர்களின் 'டோஃபு கான்', அதாவது உலர் டோஃபு. நன்றாக அழுத்தி நீரை எடுத்த டோஃபுவைச் சோயா சாஸிலும் மசாலாவிலும் கொதிக்கவிட்டுச் செய்வது அது. தைவானின் தாஷி என்ற ஊர் இதற்குப் பெயர் பெற்றது. சீன வீடுகளில் ஓவன் வழக்கமில்லை. அங்கே கொதிநீரும் அழுத்தமும் செய்த வேலையை இங்கே ஓவனின் உலர்சூடு செய்கிறது.

இந்தச் சமையலில் எல்லாமே தண்ணீரைப் பற்றியதுதான். சோயாப் பாலை ஜிப்சம் (கால்சியம் சல்ஃபேட்) அல்லது 'நிகாரி' எனப்படும் மக்னீசியம் குளோரைடு கொண்டு திரியவைத்து, திரிந்ததை அழுத்தினால் கெட்டி டோஃபு கிடைக்கும். அழுத்தாமல் அச்சிலேயே உறையவிட்டால் வருவது சில்கன் டோஃபு. அதில் ஏறக்குறைய பத்தில் ஒன்பது பங்கு நீர். சுடுவதற்கு அது ஆகாது, குழைந்து சிதறிவிடும். இந்தியக் கடைகளில் 'சோயா பனீர்' என்ற பெயரில் விற்பது பெரும்பாலும் கெட்டி வகை. பெயரில் பனீர் இருந்தாலும் பனீருக்குள்ள கொழுப்பு இதில் இல்லை. பாலின் கொழுப்பு பனீருக்குத் தானாகவே ஒரு ருசி தந்துவிடும். டோஃபு வெளியிலிருந்து வாங்கிக்கொள்ள வேண்டும். அதன் துளைகளில் நீர் நிறைந்திருக்கும்வரை எந்தச் சாறும் உள்ளே இடம்பிடிக்காது.

நீரை எடுக்க, துணியில் சுற்றி இரண்டு தட்டுகளுக்கு இடையே வைத்து, மேலே ஒரு கிலோ பருப்பு டப்பா போன்ற பாரத்தை ஏற்றி, அரை மணி நேரம் விட்டால் போதும். அம்மிக்கல் அளவுக்குப் பாரம் ஏற்றினால் விளிம்பு பிளந்துவிடும். அவசரமானால், துண்டுகளை உப்புப் போட்ட கொதிநீரில் கால் மணி நேரம் மூழ்கவைத்து, எடுத்துத் துடைக்கலாம். மேற்பரப்பு இறுகி ஈரம் வெளியேறும். முதல் நாளே உறையவைத்து உருகவிடுவது இன்னொரு வழி. பனிப்படிகங்கள் உள்ளே வெளி ஏற்படுத்திவிட்டுப் போவதால், பிழிந்தால் பஞ்சுபோல நீரைக் கக்கும், சாற்றையும் அதேபோல உறிஞ்சும். இறைச்சி போன்ற நார்ப்பதம் வேண்டுவோர் இதையே விரும்புவர். வழவழப்பைக் கெடுத்துவிடும் என்பதால் எல்லாருக்கும் பிடிக்காது.

400 கிராம் டோஃபுவுக்கு மூன்று மேசைக்கரண்டி சோயா சாஸ், ஒரு மேசைக்கரண்டி அரிசி வினிகர் அல்லது எலுமிச்சைச் சாறு, ஒரு தேக்கரண்டி வெல்லத்தூள், துருவிய இஞ்சி, நசுக்கிய பூண்டு என்பது நம்பகமான அளவு. சாஸிலேயே உப்பு தாராளமாக இருப்பதால் தனி உப்பு வேண்டாம். எண்ணெயை ஊறும் சாற்றில் ஊற்றுவது பலரும் செய்யும் பிழை. அது ஈரமான டோஃபுவுக்குள் போகாது. மேலே படலமாகப் படிந்து சாற்றையும் தடுக்கும். ஓவனுக்குள் வைக்கும்போது தடவினால் போதும். செய்முறைகளில் வரும் எள்ளெண்ணெய் நம் நல்லெண்ணெய் அல்ல. கிழக்காசியாவில் எள்ளைச் சிவக்க வறுத்துப் பிழிந்த கருநிற எண்ணெய் அது; வாசனைக்காகச் சில துளிகள் விடுவார்கள். செக்கில் கருப்பட்டி சேர்த்து ஆட்டிய நல்லெண்ணெயும் ருசிக்கும், ஆனால் ருசி வேறாக இருக்கும்.

இரவு முழுக்க ஊறினால் சாறு நடுவரை போகும் என்பது நம்பிக்கைதான். உப்பு கொஞ்சம் உள்ளே நகரும். நிறமும் மணமும் மேலோட்டமான சில மில்லிமீட்டர்களில் நின்றுவிடும். ஆகவே நேரத்தைக் கூட்டுவதைவிட, துண்டை ஒரு சென்டிமீட்டர் கனத்துக்கு மெலிதாக்குவது பலன் தரும். அப்படி நறுக்கினால் நடுவில் ஒரு முறை புரட்டிவிட்டு அரை மணி முதல் ஒரு மணி நேரம் ஊறவிடுவது போதும். அதற்கு மேல் ஊறுவதானால் ஃப்ரிட்ஜில் வைக்க வேண்டும்.

ஓவனை 200 டிகிரி செல்சியஸில் முன்னதாகவே சூடாக்கி, பட்டர் பேப்பர் விரித்த தட்டில் துண்டுகளை இடைவெளி விட்டு அடுக்கி, 15 நிமிடம் சுட்டு, திருப்பிப் போட்டு இன்னும் 10 முதல் 15 நிமிடம் சுடுவது வழக்கம். மேற்பரப்பில் ஈரம் இருக்கும்வரை அதன் சூடு நீரின் கொதிநிலையைத் தாண்டாது. அந்த ஈரம் போன பிறகே புரதமும் சர்க்கரையும் சேர்ந்து பழுப்பேறும் மெயார்டு வினை வேகமெடுக்கும். 1912இல் இதை விவரித்த பிரெஞ்சு வேதியியலாளர் லூயி கமில் மெயார்டின் பெயரால் அது வழங்குகிறது. துண்டுகளை நெருக்கி வைத்தால் ஒன்றின் ஆவியில் மற்றொன்று வெந்துபோகும், நிறம் ஏறாது. சிறிய ஓடிஜி அடுப்புகளில் இரண்டு ஈடாகச் சுடுவதே நல்லது. மொறுமொறுப்பு வேண்டுமானால் சாற்றை வடித்துவிட்டு ஒரு கரண்டி சோளமாவில் புரட்டிச் சுடலாம். அதற்கு நேர்மாறாக, சாற்றோடு சேர்த்தே தட்டில் வைத்துச் சுடுவோரும் உண்டு. அது வற்றி வற்றித் துண்டுகளைப் பளபளவென்று பூசிக்கொள்ளும். இனிப்பு கூடிய சாறானால் கடைசி ஐந்து நிமிடம் அடுப்பை விட்டு நகரக் கூடாது.

வெளியே எடுத்ததும் சற்று மெத்தென்று இருந்தாலும் ஆற ஆற இறுகும் என்பதால், 'இன்னும் கொஞ்சம்' என்று திரும்ப உள்ளே தள்ளினால் ரப்பராகிவிடும்.

இப்படிச் சுட்டதைச் சோற்றோடும் நூடுல்ஸோடும் சாலட்டிலும் சாண்ட்விச்சிலும் சேர்க்கிறார்கள். மலேசிய, சிங்கப்பூர்த் தமிழ் முஸ்லிம் கடைகளில் ரோஜாக் என்ற கலவையிலும் மீ கோரெங் என்ற வறுத்த நூடுல்ஸிலும் வரும் டோஃபு இதுவல்ல, எண்ணெயில் பொரித்தது. சோயா ஒவ்வாமை உள்ளவர்கள் இதை உண்ணக் கூடாது. கோதுமை ஆகாதவர்கள், வழக்கமான சோயா சாஸில் கோதுமையும் உண்டு என்பதைக் கவனிக்க வேண்டும். மூடிய டப்பாவில் ஃப்ரிட்ஜில் மூன்று நான்கு நாள் இருக்கும். மிஞ்சிய சாற்றை ஒரு கொதி விட்டு, கொஞ்சம் சோளமாவு கரைத்து ஊற்றினால் அன்றைய சோற்றுக்குக் குழம்பாகிவிடும்.