பெயரற்ற ஆசானும் பேரேட்டுப் பெயர்களும்

எஸ்ஸீனர்களைப் பற்றி முதலில் எழுதியவர்கள் வெளியாட்கள். பைலோ, பிளினி, ஜோஸிபஸ் மூவருமே அவர்களை வியந்தார்கள். வியப்பு நல்ல சாட்சியம் அல்ல. சாக்கடலின் மேற்கே, பெண்ணின்றி, காசின்றி, பேரீச்ச மரங்களை மட்டும் துணையாகக் கொண்டு ஒரு கூட்டம் வாழ்கிறது, அதில் யாரும் பிறப்பதில்லை, ஆனாலும் அது அழிவதில்லை என்று பிளினி எழுதினார். இந்த ஒரு வாக்கியத்தின் அழகில் பலர் இன்னும் மயங்கிக் கிடக்கிறார்கள்.

1947இல் கும்ரான் குகை ஒன்றில் ஆடு மேய்க்கும் பெதூயீன் இளைஞர்கள் சாடிகளில் கண்டெடுத்த தோல் சுருள்களில் ஒன்று இக்கூட்டத்தின் சட்டப் புத்தகம். பதினொரு குகைகளிலிருந்தும் பிறகு கிடைத்தவை 900க்கும் மேற்பட்ட பிரதிகளின் துண்டுகள். 'எஸ்ஸீனர்' என்ற சொல் இவற்றில் எங்கும் இல்லை. சுருள்கள் ஜெருசலேமிலிருந்து கொண்டுவரப்பட்டவை, கும்ரான் இடிபாடுகளுக்கும் அவற்றுக்கும் சம்பந்தமில்லை என்று நார்மன் கோல்ப் போன்றவர்கள் வாதாடியிருக்கிறார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. புதியவனைப் படிப்படியாக, வருஷக் கணக்கில் சோதித்துச் சேர்க்கும் முறை ஜோஸிபஸிலும் சட்டப் புத்தகத்திலும் இவ்வளவு நெருக்கமாக இருப்பது தற்செயலாக இருக்க முடியாது.

அந்த முறையில் என்னைப் பிடித்து நிறுத்தியது சொத்து பற்றிய விதி. முதல் வருஷம் புதியவனின் சொத்து அவனுடையதே. இரண்டாம் வருஷம் அதை மேற்பார்வையாளரிடம் ஒப்படைக்க வேண்டும். அவர் அதைக் கணக்கில் எழுதிக்கொள்வார். ஆனால் பொதுவில் செலவழிக்கக் கூடாது. அந்த வருஷமும் தேறினால்தான் அது எல்லோருடைய சொத்திலும் கலக்கும். வங்கியில் தினமும் பேரேடு புரட்டுகிறவனுக்கு இது புரிய உரை வேண்டியதில்லை: சஸ்பென்ஸ் கணக்கு. ஆள் இன்னும் இவனும் அல்ல, அவனும் அல்ல. அவன் பணமும் அப்படியே. உலகத்தைத் துறந்தவர்கள் உலகத்தின் இந்த ஒரு கலையை மட்டும் துறக்கவில்லை. (1955இல் கும்ரானில் ஒரு அறையின் தரைக்கடியில் மூன்று பானைகளில் 561 வெள்ளிக் காசுகள் அகப்பட்டன. பிளினியின் 'காசின்றி' அதோடு போயிற்று.)

கணக்கு சொத்தோடு நிற்கவில்லை. அடுத்தவன் பேசும்போது குறுக்கிட்டால் 10 நாள் தண்டனை. சபையில் தூங்கினால் 30 நாள். அசட்டுத்தனமாக உரக்கச் சிரித்தாலும் 30. சொத்து விஷயத்தில் தெரிந்தே பொய் சொன்னால் ஒரு வருஷம் புனித உணவிலிருந்து விலக்கு, ரொட்டியில் கால் பங்கு குறைப்பு. சகாவைப் பற்றிப் புறம் பேசினால் ஒரு வருஷ விலக்கு. சபையைப் பற்றியே புறம் பேசினால் திரும்பி வர வழியில்லை. சிரிப்புக்கும் தூக்கத்துக்கும் ஒரே விலை போட்டவன் எப்படிப்பட்ட மனிதன் என்று யோசித்துப் பார்க்கிறேன். கொடுமைக்காரன் என்று தோன்றவில்லை. தானும் சிரித்துவிடுவோமோ என்று பயந்தவனாக இருக்கலாம்.

இச்சமூகத்தின் ஸ்தாபகனை 'நீதியின் ஆசான்' என்றே சுருள்கள் குறிப்பிடுகின்றன. எதிரி 'தீய ஆசாரியன்'. ஆசான் அடைக்கலமிருந்த இடத்துக்கே, பாவநிவிர்த்தி நாளன்று, தீய ஆசாரியன் துரத்தி வந்தான் என்கிறது ஆபகூக் உரை. ஆலயத்தின் ஆசாரியன் அந்த நாளில் எப்படி வெளியே கிளம்ப முடியும்? இவர்கள் 364 நாள் பஞ்சாங்கம் வைத்திருந்தார்கள். இவர்களுடைய புனித நாள் அவனுக்குச் சாதாரண நாள் என்பதே அறிஞர்கள் சொல்லும் விளக்கம். தேதியைக்கூடப் பொதுவில் வைத்துக்கொள்ளாத பிளவு அது. ஆனால் இருவரின் சொந்தப் பெயரும் நமக்குத் தெரியாது.

சாதாரண உறுப்பினர்கள் சிலரின் பெயர் மட்டும் தெரியும். நான்காம் குகையில் கிடைத்த ஒரு சிறு துண்டு, மேற்பார்வையாளர் கண்டித்தவர்களின் பதிவு. யோகனான் என்று ஒருவன்; தகப்பன் பெயர் முழுதாக இல்லை; குற்றம், முன்கோபம். அனனியா நோத்தோஸ் என்று ஒருவன். சமூகத்தின் மனநிலையைக் குலைத்தானாம். ஒழுங்காக இருந்தவர்கள், வாய் திறக்காதவர்கள், முப்பது வருஷம் சிரிக்காமல் இருந்தவர்கள் யாருடைய பெயரும் இந்தப் பதிவில் ஏறியிருக்காது. கி.பி. 68 வாக்கில் ரோமப் படை கும்ரானை அழித்தபோது மிஞ்சியது கோபக்காரனின் பெயர்.

வெளியேற்றப்பட்டவர்கள் என்ன ஆனார்கள்? பத்து வருஷம் இருந்துவிட்டு விலகியவனைத் திரும்பச் சேர்க்கவே கூடாது, அவனோடு உணவையோ பொருளையோ பகிர்ந்துகொள்கிறவனும் வெளியே என்கிறது சட்டப் புத்தகம். ஜோஸிபஸ் வேறு ஒன்று சொல்கிறார். வெளியேற்றப்பட்டவன் சத்தியத்துக்குக் கட்டுப்பட்டுப் பிறர் உணவைத் தொட மாட்டான்; புல்லைத் தின்று உடல் தேய்ந்துபோவான்; சாகும் தறுவாயில் பலரை இரக்கப்பட்டுத் திரும்ப எடுத்துக்கொண்டார்களாம். இரக்கம் காட்டச் சொல்லும் விதி எதையும் நான் சட்டப் புத்தகத்தில் பார்க்கவில்லை. ஜோஸிபஸ் மிகைப்படுத்தக்கூடியவர்தான். இருந்தும் இந்த ஓரிடத்தில் அவரை நம்பவே விரும்புகிறேன்.